தோடம்பழம் மணத்த பேச்சு

ஒரே மொழிக்குள் ஓர் ஊராரின் பேச்சைக் கேட்டு இன்னோர் ஊரார் சிரிப்பது எங்களுக்குப் புதிய விஷயம் இல்லை. யாழ்ப்பாணத்தில் மட்டக்களப்புப் பேச்சுக்குச் சிரித்தோம். சென்னைச் சினிமா யாழ்ப்பாணப் பேச்சுக்குச் சிரித்தது. கோயம்புத்தூர்க்காரரின் மரியாதையும் திருநெல்வேலிக்காரரின் இழுப்பும் திரையில் பட்ட பாடு எல்லாருக்கும் தெரியும். வெளிநாடு வந்தபோது இந்தப் பழக்கத்தையும் பெட்டிக்குள் வைத்துத்தான் கொண்டு வந்திருக்கிறோம். இப்ப பேரப்பிள்ளையின் தமிழைக் கேட்டு அம்மம்மா சிரிக்கிறா. அம்மம்மாவின் ஆங்கிலத்தைக் கேட்டுப் பேரப்பிள்ளை சிரிக்குது.

சிரிப்பில் பிழை இல்லை. ஆனால் சில வீடுகளில் அந்தச் சிரிப்புக்குப் பிறகு பிள்ளை தமிழில் வாயே திறப்பதில்லை. நான் இன்றைக்கு எழுத நினைத்தது, அப்படி வாயடைத்துப் போகாமல், தன் ஊர்ப் பேச்சோடேயே போய் ஒரு பெரிய மொழியையே சிரிக்க வைத்த ஒருவரைப் பற்றி. பெயர் சையத் முஜ்தபா அலி. ஊர் சில்ஹெட். அவர் இறந்து 50 வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. வங்காளம் வாசிக்கிற ஒருவரிடம் இந்தப் பெயரைச் சொல்லிப் பாருங்கள், முதலில் முகத்தில் ஒரு சிரிப்பு வரும், பிறகுதான் கதை வரும். எங்கட ஆக்களில் கன பேருக்கு அவரைத் தெரியாது.

அவரைத் தெரியாவிட்டாலும் அவருடைய ஊர்க்காரரை எங்களுக்குத் தெரியும். பிரித்தானியாவில் இருக்கிற பங்களாதேஷ் வம்சாவளியினரில் பெரும்பான்மையோர் சில்ஹெட் பகுதியில் இருந்து வந்தவர்கள். கிழக்கு லண்டனின் பிரிக் லேன் அவர்களுடைய தெரு. இந்த நாட்டில் எந்தச் சின்ன ஊருக்குப் போனாலும் 'இந்தியன் ரெஸ்டோரன்ட்' என்று பலகை போட்ட கடை ஒன்று இருக்கும். உள்ளே போனால் சமைக்கிறவரும் பரிமாறுகிறவரும் அனேகமாகச் சில்ஹெட்காரர்தான். ஊரில் இவர்களுக்கு 'லண்டனி' என்று ஒரு பட்டப்பெயர். லண்டனியின் கோட்டு, லண்டனியின் வீடு, லண்டனி கல்யாணத்துக்குப் பெண் தேடுகிற அவசரம் என்று அங்கே பகிடி நிறைய. எங்கட ஊரில் 'வெளிநாட்டுக்காரர்' என்று சொல்லும்போது குரலில் ஒரு சின்ன நெளிவு வருமே, அதே நெளிவுதான்.

அவர்கள் பேசும் சில்ஹெட்டியை ஒரு கோடிக்கு மேற்பட்டோர் பேசுகிறார்கள். வங்காளத்தின் வட்டார வழக்கு என்பார் சிலர். இல்லை, தனி மொழி என்பார் சிலர். முன்பு அதற்கென்று சில்ஹெட் நாகரி என்று தனி எழுத்தே இருந்தது. எழுத்து வங்காளத்தில் ப என்று வருகிற இடத்தில் சில்ஹெட்காரரின் வாயில் ஃப வரும். தண்ணீர், பானி அல்ல, ஃபானி. இந்த ஒரே ஒரு எழுத்தை வைத்து அவர்களே சொல்லிச் சிரிக்கும் ஒரு பகிடி உண்டு. சில்ஹெட்டியில் மகளை, இளம் பெண்ணை, ஃபுரி என்பார்கள். டாக்காவில் இருந்து வந்த ஒருவர் சில்ஹெட்டில் ஒரு தேநீர்க்கடையில் போய் இருந்துகொண்டு, வலு மரியாதையாகப் பூரி இருக்கிறதா என்று கேட்கிறார். கடைக்காரரின் காதில் விழுந்தது, உன் வீட்டில் மகள் இருக்கிறாளா என்று. அதற்குப் பிறகு அந்த மனுசன் எந்தப் பக்கத்தால் ஓடினார் என்பது சொல்பவரின் திறமையைப் பொறுத்தது.

கவனித்தால், இந்தப் பகிடியில் அடி வாங்குவது சில்ஹெட்காரர் அல்ல. சுத்தமான வங்காளம் கதைத்தவர்தான். கல்கத்தாவும் டாக்காவும் தங்கள் உச்சரிப்பைப் பார்த்துச் சிரித்தபோது சில்ஹெட்காரர்கள் கண்டுபிடித்த பதில் இது. முஜ்தபா அலி அந்தப் பதிலை உலகம் முழுக்கக் கொண்டுபோனார்.

1904 செப்டம்பர் 13 அன்று கரீம்கஞ்சில் பிறந்தார். அப்போது அது சில்ஹெட் மாவட்டத்தின் ஒரு பகுதி. சில்ஹெட்டையோ ஆங்கிலேயர் 1874இல் வங்காளத்தில் இருந்து பிரித்து அசாமோடு சேர்த்துவிட்டிருந்தார்கள். பேச்சு வங்காளம், நிர்வாகம் அசாம். தகப்பன் சையத் சிக்கந்தர் அலி பத்திரப் பதிவு அலுவலகத்தில் அரசாங்க உத்தியோகம் பார்த்தவர்.

1919இல் ரவீந்திரநாத் தாகூர் சில்ஹெட்டுக்கு வந்தார். மாணவர்களிடம் பேசும்போது வாழ்க்கையில் ஆசையைப் பெரிதாக வைக்க வேண்டும் என்ற கருத்தில் பேசினார். கேட்டுக்கொண்டிருந்த 15 வயதுப் பெடியன் முஜ்தபாவுக்கு ஒரு சந்தேகம். ஆசையைப் பெரிதாக்க என்ன செய்ய வேண்டும்? அதைத் தாகூருக்கே கடிதமாக எழுதிப் போட்டான். நோபல் பரிசு வாங்கிய மனிதர், ஊர் பேர் தெரியாத ஒரு பள்ளிக்கூடப் பிள்ளைக்கு அகர்தலாவில் இருந்து பதில் எழுதினார். அந்தக் கடிதம்தான் எல்லாவற்றுக்கும் தொடக்கம்.

இரண்டு வருடம் கழித்து, சரஸ்வதி பூசைக்கு மாணவர்கள் வெள்ளைக்கார அதிகாரியின் தோட்டத்தில் பூப் பறித்த விவகாரம் ஒன்று வந்தது. பிள்ளைகளுக்கு அடி விழுந்தது. மற்ற மாணவர்கள் பள்ளிக்கூடத்தைப் பகிஷ்கரித்தார்கள். காந்தியின் ஒத்துழையாமை இயக்கம் சூடாக இருந்த நேரம். அரசாங்க உத்தியோகம் பார்க்கும் தகப்பன்மாருக்கு நெருக்குதல் வந்ததும் பலர் தங்கள் பிள்ளைகளைத் திருப்பி அனுப்பினார்கள். முஜ்தபா திரும்பிப் போகவில்லை. 1921இல் சாந்திநிகேதனுக்குப் போய்ச் சேர்ந்தார். விஸ்வபாரதியின் முதல் மாணவர்களில் ஒருவர். அங்கே படித்த முதல் முஸ்லிம் மாணவர்களிலும் ஒருவர்.

அங்கே தாகூருடன் நடந்த முதல் சந்திப்பை முஜ்தபா பிற்காலத்தில் சிரிக்கச் சிரிக்க எழுதியிருக்கிறார். என்ன படிக்கப் போகிறாய் என்று தாகூர் கேட்டாராம். ஏதாவது ஒன்றை மட்டும் நன்றாகப் படிக்க வேண்டும் என்றாராம் இவர். பலதையும் படித்தால் என்ன என்று அவர் கேட்க, மனசு சிதறிவிடும் என்று இவர் பெரிய மனுசத்தனமாகப் பதில் சொல்லியிருக்கிறார். இதை உனக்கு யார் சொன்னது என்று கேட்டால், கோனன் டொயில். ஷெர்லக் ஹோம்ஸ் எழுதிய ஆள். இங்கிலீஷ்காரன் அப்படிச் சொன்னதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை என்று கிழவர் முடித்துவிட்டார்.

இன்னொரு கதையும் உண்டு. இந்தப் பெடியன் வாயைத் திறந்தாலே சில்ஹெட் உச்சரிப்பு. சில்ஹெட் தோடம்பழத்துக்குப் பேர் போன பக்கம். இந்தியாவில் இருந்து வாசிக்கிறவர்களுக்கு, தோடம்பழம் என்றால் ஆரஞ்சு. உன் வாயில் இருந்து தோடம்பழம் மணக்கிறதே என்று தாகூர் பகிடி பண்ணினாராம். ஆள் பேச்சை நிறுத்தவில்லை. சாந்திநிகேதனில் இருந்த ஐந்து வருடத்தில் சமஸ்கிருதம், அரபு, பாரசீகம், இந்தி, குஜராத்தி, பிரெஞ்சு, ஜேர்மன், இத்தாலியன் என்று ஒவ்வொன்றாகப் பிடித்தார். ஒன்றை மட்டும் படிக்க வந்தவர் 1926இல் பட்டம் வாங்கிக்கொண்டு வெளியே வரும்போது அரை டசினுக்கு மேற்பட்ட மொழிகளோடு வந்தார்.

அந்தப் பட்டத்தால் வந்த பகிடி அடுத்தது. 1927இல் ஆப்கானிஸ்தானின் கல்வித் துறையில் வேலை கிடைத்து, 23 வயதில் காபூலுக்குப் போனார். ஆங்கிலமும் பிரெஞ்சும் படிப்பித்தார். அவருக்குக் கொடுத்த சம்பளம் அங்கிருந்த பஞ்சாப் ஆசிரியர்களுக்குப் பொறுக்கவில்லை. விஸ்வபாரதி அந்த நேரம் அரசாங்கம் அங்கீகரித்த பல்கலைக்கழகம் இல்லை. இந்தப் பட்டத்துக்கு என்ன மதிப்பு என்று மேலிடத்தில் முறைப்பாடு வைத்தார்கள். ஆப்கானிய அதிகாரி அமைதியாகக் கேட்டுவிட்டு, உங்கள் சான்றிதழில் கையெழுத்துப் போட்டவர் ஒரு கவர்னர், கவர்னர்கள் எங்கள் சின்ன நாட்டிலேயே ஐந்தாறு பேர் இருக்கிறார்கள், இவருடைய சான்றிதழில் இருப்பது தாகூரின் கையெழுத்து என்கிற பாணியில் பதில் சொல்லி அனுப்பிவிட்டாராம். பட்டம் அங்கீகாரம் இல்லை என்று சொல்லி, படித்த படிப்பைத் தூக்கி ஓரத்தில் வைத்துவிட்டு வேறு வேலைக்குப் போன எங்கட ஆக்கள் எத்தனை பேர். அவர்களுக்கு இந்தக் கதையின் ருசி இன்னும் கொஞ்சம் கூடத் தெரியும்.

காபூல் வாழ்க்கையை வைத்து அவர் எழுதியதுதான் 'தேஷே பிதேஷே'. உள்நாட்டிலும் வெளிநாட்டிலும் என்று பொருள். நான் வங்காளம் வாசிக்கத் தெரியாதவன். 2015இல் நசேஸ் அஃப்ரோஸ் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பில்தான் அந்தப் புத்தகம் எனக்குக் கிடைத்தது. கல்கத்தாவில் ரயில் ஏறியதில் இருந்து பகிடி தொடங்கிவிடும். ஆனால் அவர் சிரிப்பது பெரும்பாலும் தன்னைப் பார்த்துத்தான். கைபர் கணவாய் வெயிலில் அவியும் வங்காளி, பட்டாணியரின் விருந்தோம்பலில் மூச்சு முட்டும் வங்காளி.

அந்தப் புத்தகத்தை மறக்க முடியாமல் பண்ணுகிறவர் அப்துர் ரஹ்மான். பஞ்ச்ஷீர் பள்ளத்தாக்கில் இருந்து வந்த வேலைக்காரர். ஆறடிக்கு மேல் உயரம். முதல் நாள் இராத்திரி அவர் சமைத்து வைத்த சாப்பாடு ஒரு பந்திக்குப் போதும். ஒரு ஆளுக்கு இவ்வளவா என்று பார்த்தால், இன்னும் உள்ளே இருக்கிறது என்கிறார். வேண்டாம் என்றால் முகம் வாடிவிடுகிறது. சமையல் சரியில்லையோ என்று அவருக்குக் கவலை. பஞ்ச்ஷீரின் பனியைப் பற்றியும் காற்றைப் பற்றியும் தொடங்கினால் நிறுத்த மாட்டார். ஊரை விட்டு வந்தவனுக்குத் தன் ஊர் எப்போதும் உலகத்திலேயே நல்ல ஊர்.

இந்த இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பகிடி பண்ணிக்கொண்டிருக்கும்போதே நாடு கவிழ்கிறது. அமானுல்லா மன்னர் ஐரோப்பாவைச் சுற்றிவிட்டு வந்து, தன் சனங்களுக்குக் கோட்டும் தொப்பியும் மாட்டிவிடப் பார்த்தார். முஜ்தபா அதை விழுந்து விழுந்து சிரிக்கும்படி எழுதுகிறார்; அதேநேரம் அந்த மன்னரின் நல்ல நோக்கத்தையும் மறைக்கவில்லை. 1929 ஜனவரியில் அமானுல்லா முடி துறந்தார். தண்ணீர் சுமப்பவனின் மகன் என்று பட்டப்பெயர் கொண்ட கொள்ளைத் தலைவன் காபூலைப் பிடித்தான். சந்தையில் சாமான் இல்லை, தெருவில் துப்பாக்கிச் சத்தம். ஆங்கிலேயர் விமானம் கொண்டுவந்து ஆட்களை ஏற்றினார்கள். வெள்ளைக்காரருக்கு முன்வரிசை, இந்தியர்கள் காத்திருக்க வேண்டும். சிரிப்புக்கு நடுவில் இந்த இடத்தில் மட்டும் அவருடைய எழுத்து கசக்கிறது. கடைசியில் விமானத்தில் ஏறிக் கீழே பார்க்கும்போது, வெள்ளைப் பனிக்கு நடுவில் அப்துர் ரஹ்மான் தலைப்பாகையை அசைத்துக்கொண்டு நிற்கிறார். இருநூறு பக்கத்துக்கு மேல் எங்களைச் சிரிக்க வைத்துக் கூட்டிக்கொண்டு வந்த மனிதர் இங்கே கொண்டுவந்து விடுகிறார். கண் கலங்காமல் அதைத் தாண்டுவது கஷ்டம்.

காபூலில் இருந்து ஜேர்மனி. ஹம்போல்ட் உதவித்தொகையில் பேர்லினிலும் பொன் நகரிலும் படித்து, கோஜா முஸ்லிம்களைப் பற்றி ஆய்வு செய்து 1932இல் பொன் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் வாங்கினார். பிறகு கெய்ரோவின் அல் அஸ்ஹர். பிறகு பரோடா மன்னர் சயாஜிராவ் கெய்க்வாட்டின் அழைப்பில் அங்கே பேராசிரியர்.

பேர்லின் நாட்களில் இருந்து பிறந்தது 'சாச்சா காகினி' கதைகள். ஹிந்துஸ்தான் ஹவுஸ் என்ற சாப்பாட்டுக் கடையில் பிறநாட்டில் அகப்பட்ட வங்காளிகள் கூடுவார்கள். நடுவில் சாச்சா, அதாவது சித்தப்பா, உட்கார்ந்து கதை அளப்பார். வங்காளிகள் இதை 'அட்டா' என்பார்கள். எங்கட பேச்சில் சொன்னால் திண்ணைக் கச்சேரி. லாச்சப்பல் கடைவாசலிலும் ஸ்காபரோ பிளாசாக்களிலும் சனி பின்னேரங்களில் எங்கட ஆக்கள் நடத்துவதும் இதுதான். வேலை முடிந்து வந்த களைப்பை ஊர்ப் பேச்சில் கரைப்பது.

அவருடைய 'ரசகுல்லா' கதையைச் சொல்லாமல் விட்டால் வங்காள நண்பர்கள் கோபிப்பார்கள். ஜண்டுதா என்பவர் காற்றுப் புகாமல் அடைத்த ரசகுல்லா டின்னோடு வெனிஸ் துறைமுகத்தில் இறங்குகிறார். சுங்க அதிகாரி டின்னைத் திறக்கச் சொல்கிறான். திறந்தால் பழுதாகிவிடும், இது லண்டனில் ஒருவருக்குக் கொண்டுபோவது என்று எவ்வளவு சொல்லியும் கேட்கவில்லை. திறந்தாயிற்று. ஜண்டுதா சுற்றி நின்ற எல்லாருக்கும் ரசகுல்லா கொடுக்கிறார். அதிகாரி மட்டும் வேண்டாம் என்கிறான். ஜண்டுதா பாய்ந்து அவன் கழுத்தைப் பிடித்து முகத்தில் ஒரு ரசகுல்லாவைத் தேய்த்துவிடுகிறார். பெரிய அதிகாரி வருகிறார், விசாரணைக்கு. அவரும் ஒன்றை வாயில் போடுகிறார். கண் மூடுகிறது. இன்னொன்றுக்குக் கை நீள்கிறது. ஊறுகாய்ப் போத்தலோடும் கருவாட்டுப் பொதியோடும் ஹீத்ரோவிலும் பியர்சனிலும் நின்ற அனுபவம் உள்ள எவருக்கும் ஜண்டுதா சொந்தக்காரர் மாதிரி.

இதே மனிதர்தான் 'பாதடீகா' எழுதினார். அடிக்குறிப்பு என்று பொருள். அவருடைய ஊர்ப் பக்கத்துப் பள்ளிக்கூடம் ஒன்று. மாகாணத்தை ஆளும் வெள்ளைக்காரத் துரை பள்ளிக்கூடம் பார்க்க வருகிறார். உடம்பில் சட்டையே போடாத சமஸ்கிருதப் பண்டிதருக்கு அன்றைக்கு மட்டும் ஒரு பெனியன் மாட்டிவிடுகிறார்கள். அவர் அதற்குள் படும் அரிப்பும் நெளிவும் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கொண்டாட்டம். துரையோடு மூன்று கால் நாய் ஒன்றும் வருகிறது. துரை போன பிறகு பண்டிதர் வகுப்பில் ஒரு கணக்குக் கொடுக்கிறார். அந்த நாய்க்கு மாதச் செலவு 75 ரூபா. கால் மூன்று. ஒரு காலுக்கு எவ்வளவு? 25 ரூபா. பண்டிதருக்குச் சம்பளம் 25 ரூபா. அவரை நம்பி வீட்டில் எட்டுப் பேர். அப்படியானால் பண்டிதரின் குடும்பம் துரையின் நாய்க்கு எத்தனை கால்? வகுப்பு வாயடைத்துப் போகிறது. எவ்வளவு நேரம் சிரித்துக்கொண்டிருந்தோம் என்று எங்களுக்கே வெட்கமாகிவிடும். சிரிக்க வைத்தே அந்த இடத்துக்குக் கொண்டுவருவது முஜ்தபாவின் வழி. பிரசங்கம் பண்ணியிருந்தால் பாதி வழியில் எழும்பிப் போயிருப்போம்.

சில்ஹெட் கப்பற்காரர்களைப் பற்றியும் அவர் எழுதியிருக்கிறார். ஆங்கிலேயரின் நீராவிக் கப்பல்களில் அடுப்புக்கு நிலக்கரி தள்ளியவர்களில் பலர் சில்ஹெட் ஆக்கள். இன்றைய லண்டனிகளுக்கு வழி போட்டவர்களும் அவர்கள்தான். 'நோனாஜல்', அதாவது உப்புத்தண்ணீர் என்ற கதையில் ஒருவன் அமெரிக்காவில் வருடக்கணக்காக உழைத்து வீடு கட்டவென்று தம்பிக்குக் காசு அனுப்புகிறான். தம்பி எல்லாவற்றையும் கரைத்துவிடுகிறான். ஊருக்குத் திரும்பும் வழியிலேயே விஷயம் தெரிந்து, வீட்டு வாசலை மிதிக்காமலே திரும்பிக் கப்பலுக்குப் போய்விடுகிறான். இந்தக் கதையை எங்கட சனத்துக்கு விளக்கத் தேவையில்லை. இதிலே பகிடி குறைவு. ஆனால் அந்தக் கப்பற்காரர்களின் சில்ஹெட்டிப் பேச்சை அவர் மறைக்கவில்லை, அழகுபடுத்தவும் இல்லை. மதிப்போடு உட்கார்ந்து கேட்கிறார்.

1947 வந்தது. ஜூலை 6, 7 ஆம் தேதிகளில் சில்ஹெட்டில் பொதுவாக்கெடுப்பு நடந்து, மாவட்டத்தின் பெரும்பகுதி கிழக்குப் பாகிஸ்தானுக்குப் போனது. அவர் பிறந்த கரீம்கஞ்ச் இந்தியாவில் நின்றுவிட்டது. பிறந்த ஊர் ஒரு நாட்டில், வளர்ந்த ஊர் இன்னொரு நாட்டில்.

புதிய நாடு பிறந்து நான்கு மாதம்கூட ஆகவில்லை. பாகிஸ்தானுக்கு உருது ஒன்றே அரச மொழி என்ற பேச்சு மேலே இருந்து வரத் தொடங்கியது. 1947 நவம்பர் 30 அன்று சில்ஹெட்டில் ஓர் இலக்கியக் கூட்டத்தில் முஜ்தபா எழுந்து, கிழக்குப் பாகிஸ்தானின் அரச மொழி வங்காளமாகத்தான் இருக்க வேண்டும் என்று வாதாடினார். உருதுவும் பாரசீகமும் அரபும் கரைத்துக் குடித்தவர், உருதுவின் மேல் வெறுப்பு இல்லாதவர், அதைச் சொன்னார். வங்காளத்துக்குமேல் உருதுவைத் திணித்தால் ஒருநாள் கிழக்கு பிரிந்து போய்விடும் என்று எச்சரித்தார். கூட்டத்தில் அவருக்கு எதிராகக் கூச்சல் எழுந்தது. 1949இல் போக்ரா நகரத்தில் ஒரு கல்லூரியின் அதிபராக இருந்தபோது இந்த வாதம் கல்கத்தாவின் 'சதுரங்க' இதழில் கட்டுரையாக வந்தது. அரசாங்கம் விளக்கம் கேட்டது. அவர் வேலையை விட்டுவிட்டு இந்தியாவுக்குப் போனார்.

இதில் எனக்கு முக்கியமாகப் படுவது காலம். 'தேஷே பிதேஷே' கல்கத்தாவின் 'தேஷ்' வார இதழில் தொடராக வரத் தொடங்கியது 1948இல். அதாவது காபூல் பகிடிகளை எழுதிய கையும் அரச மொழி வழக்கை எழுதிய கையும் ஒரே காலத்தில் ஓடின. சுத்தமான வங்காளம் கதைக்கத் தெரியாத ஆள் என்று சிரிக்கப்பட்ட சில்ஹெட்காரர், அந்த வங்காளத்துக்காக வேலையை இழந்தார். சிரித்தவர்களில் எத்தனை பேர் அதைச் செய்திருப்பார்கள்?

1952 பெப்ரவரி 21 அன்று டாக்காவில் மாணவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். உலகம் இன்று தாய்மொழி நாளாகக் கொண்டாடுவது அந்த நாளைத்தான். 1956இல் பாகிஸ்தானின் அரசியலமைப்பு வங்காளத்தையும் அரச மொழியாக ஏற்றது. அதே 1956இல்தான் இலங்கையில் தனிச் சிங்களச் சட்டம் வந்தது. ஒரு மொழி என்றால் இரண்டு நாடு, இரண்டு மொழி என்றால் ஒரு நாடு என்ற கருத்தில் கொல்வின் ஆர். டி சில்வா அப்போது நாடாளுமன்றத்தில் எச்சரித்தது எங்களுக்குத் தெரியும். ஒன்பது வருடத்துக்கு முன்னமே சில்ஹெட்டில் ஒரு பகிடிக்காரர் ஏறத்தாழ அதே எச்சரிக்கையைச் சொல்லியிருந்தார் என்பது எங்களில் பலருக்குத் தெரியாது. 1961 மே 19 அன்று அசாமின் சில்சரில், வங்காளத்துக்கு இடம் கேட்டுப் போராடிய 11 பேர் பொலிஸாரின் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார்கள். அவர் பிறந்த கரீம்கஞ்சும் அதே பராக் பள்ளத்தாக்கில்தான் இருக்கிறது. சில்ஹெட்டி பேசும் மண் அது.

இந்தியாவிலும் அவர் ஓரிடத்தில் நிலைக்கவில்லை. மௌலானா ஆசாத்தின் கீழ் கலாசார உறவுகள் மன்றத்தில் அரபு இதழ் ஒன்றை நடத்தினார். அகில இந்திய வானொலியில் வேலை பார்த்தார். பிறகு சாந்திநிகேதனுக்கே திரும்பிப் படிப்பித்தார். மேசை லாச்சியில் காசு இருக்கும்வரை எழுத மாட்டேன் என்று தன்னையே பகிடி பண்ணிக்கொள்வார். அப்படிச் சொல்லிக்கொண்டே இருபதுக்கு மேற்பட்ட புத்தகங்கள் எழுதிவிட்டார்.

1951இல் திருமணம். மனைவி ராபேயா கிழக்குப் பாகிஸ்தானில் கல்வித் துறையில் வேலை பார்த்தார். மனைவியும் இரண்டு மகன்மாரும் அந்தப் பக்கம், இவர் இந்தப் பக்கம். நடுவில் கடவுச்சீட்டும் விசாவும். அங்கே இவரை இந்தியாவின் ஆள் என்று பார்த்தார்கள். இங்கே பாகிஸ்தானின் ஆள் என்று சந்தேகப்பட்டார்கள். 1971 போர் மாதங்களில் கல்கத்தாவில் இருந்துகொண்டு டாக்காவில் இருந்த குடும்பத்தை நினைத்துத் தவித்திருக்கிறார். போர் முடிந்து பங்களாதேஷ் பிறந்த பிறகு 1972இல் குடும்பத்திடம் போய்ச் சேர்ந்தார். அவர் எச்சரித்தபடியே நாடு பிரிந்துவிட்டது. அதைச் சொல்லிக்காட்ட அவருக்கு நேரமும் இல்லை, உடம்பும் இல்லை. 1974 பெப்ரவரி 11 அன்று டாக்காவில் இறந்தார். 1952இல் சுடப்பட்டவர்கள் கிடக்கும் அசிம்பூர் மயானத்தில் அவரையும் அடக்கம் செய்தார்கள். பங்களாதேஷ் அரசின் ஏகுஷே பதக்கம் 2005இல்தான் வந்தது, அதுவும் இறந்து 31 வருடம் கழித்து.

இவ்வளவையும் எழுதியதற்கு ஒரு காரணம் இருக்கிறது. மொழியைக் காப்பாற்றுவது என்றால் எங்களுக்கு மேடை, பட்டிமன்றம், பிழையில்லாத உச்சரிப்புப் போட்டி, நடுவர் கையில் மணி. எல்லாம் வேண்டும்தான். ஆனால் பிள்ளை ழகரத்தைத் தவறவிட்டதும் மணி அடிக்கிற வேகத்தில், அந்தப் பிள்ளை தமிழில் ஒரு பகிடி விட்டால் கூடச் சேர்ந்து சிரிக்கிறோமா? ஒரு மொழியில் பகிடி விடத் தெரிந்த பிள்ளை அந்த மொழியை லேசில் கைவிடாது. சில்ஹெட்காரர்களின் மூன்றாம் தலைமுறை லண்டனில் இன்னமும் தங்கள் பேச்சில் ஒருவரை ஒருவர் கலாய்த்துக்கொண்டு இருக்கிறது என்றால், யாரும் அவர்களுக்கு மணி அடிக்கவில்லை என்பதும் ஒரு காரணமாக இருக்கலாம்.

எங்கட வீடுகளில் யாழ்ப்பாணமும் இருக்கிறது, மலையகமும் இருக்கிறது, மன்னாரும் மதுரையும் இருக்கின்றன. ஒருவர் பேச்சைக் கேட்டு மற்றவர் சிரிக்காமல் இருக்கப் போவதில்லை, இருக்கவும் தேவையில்லை. தாகூரும் முஜ்தபாவின் பேச்சைக் கேட்டுச் சிரித்தவர்தான். ஆனால் சிரித்ததோடு அந்தப் பெடியனை வாசலில் நிறுத்தவில்லை. உள்ளே கூப்பிட்டு, உட்கார வைத்து, ஐந்து வருடம் படிப்பித்து அனுப்பினார். தோடம்பழ வாசத்தை விட்டுவிட்டு வா என்று அவனிடம் கேட்கவேயில்லை.